வாய் பேசாத கஞ்சன்

2008ஆம் ஆண்டு மாரிகாலத்தில் பாரிசுக்கு வந்து சேர்ந்தபோது நாங்கள் ஐந்து பேர் ஒரே அறையில் இருந்தோம். இரண்டு பேருக்கு இரவு வேலை, இரண்டு பேருக்குப் பகல் வேலை. ஐந்தாவது ஆள் நான். விசாவும் இல்லை, வேலையும் இல்லை. எந்த நேரமும் யாராவது ஒருவர் நித்திரையாய் இருப்பார் என்பதால் தொலைக்காட்சியின் சத்தத்தை முற்றாகக் குறைத்துவிட்டுத்தான் பார்ப்பது. சத்தம் இருந்தாலும் எனக்கு ஒன்றும் விளங்கப்போவதில்லை, அது வேறு கதை.

ஒரு நாள் பின்னேரம் ஒரு பழைய படம் போனது. தலைமயிர் உதிர்ந்த ஒரு குட்டை மனிதர், முகத்தை ரப்பர்போல இழுத்து இழுத்து, எல்லோரையும் சந்தேகப்பட்டுக்கொண்டு ஓடித் திரிந்தார். என்னவோ ஒரு பெட்டி தொலைந்துவிட்டது என்பது மட்டும் விளங்கியது. நான் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். கட்டிலில் கிடந்த அண்ணை ஒருவர் போர்வையை விலக்கி, "என்னடாப்பா, சத்தமே இல்லை, என்னத்தைக் கேட்டுச் சிரிக்கிறாய்?" என்றார். பிறகு அவரும் எழும்பிவந்து பக்கத்தில் இருந்து சிரித்தார். ஊரை விட்டு வெளிக்கிட்ட பிறகு நான் வயிறு நோகச் சிரித்தது அன்றுதான் என்று நினைக்கிறேன்.

அது லூயி த ஃப்யூனேஸ் நடித்து 1980இல் வெளிவந்த 'லவார்' என்பதும், 'கஞ்சன்' என்று பொருள்படும் அந்தக் கதை மொலியேர் 1668இல் மேடையேற்றிய நாடகம் என்பதும் எனக்குத் தெரியவந்தது மூன்று வருடம் கழித்து, மாலைநேரப் பிரெஞ்சு வகுப்பில். ஆக, மொலியேரை எனக்கு அறிமுகப்படுத்தியது பிரெஞ்சு மொழி இல்லை. மொழி இல்லாமலேதான் அறிமுகமானார். அதனால்தானோ என்னவோ, இதே நாடகத்தை வைத்து 1908இலேயே ஒரு ஊமைப்படம் வந்திருக்கிறது என்று அறிந்தபோது அதன் பின்னால் போகாமல் இருக்க முடியவில்லை. (யாழ் பல்கலைக்கழகத்தில் வரலாறு படித்தேன். 2006 ஆவணியில் ஏ-9 பாதை மூடப்பட்டதோடு அந்தப் படிப்பும் மூடப்பட்டது. பழக்கம் மட்டும் மிச்சம்.)

முதலில் நாடகத்தைச் சொல்லிவிடுகிறேன். சேன் ஆற்றங்கரையில் பழைய புத்தகப் பெட்டிகள் வைத்திருப்பார்களே, அங்கே இரண்டு ஈரோவுக்கு வாங்கினேன். கஞ்சனைப் பற்றிய நாடகத்துக்கு அதுவே கூட என்று வகுப்பு வாத்தியார் பகிடி விட்டார்.

ஆர்பகோன் என்ற பணக்காரக் கிழவன். எச்சில் கையாலும் காகம் கலைக்காதவன் என்று எங்கள் ஊரில் சொல்வோமே, அந்த இனம். பத்தாயிரம் பொற்காசைப் பெட்டியில் போட்டுத் தோட்டத்தில் புதைத்து வைத்திருக்கிறான். மகளைச் சீதனம் கேட்காத ஒரு கிழவனுக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறான். சீதனம் இல்லை என்ற ஒரு சொல்லையே எல்லா வாதத்துக்கும் பதிலாகத் திரும்பத் திரும்பச் சொல்கிறான். (பிரெஞ்சு மாணவர்களுக்கு இந்தக் கட்டத்தை விளங்கப்படுத்த வாத்தியார் கஷ்டப்பட்டிருப்பார். எங்களுக்கு ஒரு விளக்கமும் தேவைப்படவில்லை.) மகன் விரும்பும் பெண்ணையே தானும் கட்ட நினைக்கிறான். அநியாய வட்டிக்குக் கடன் தேடும் மகன், கடன் கொடுக்க வந்தவர் தன் தகப்பன்தான் என்று கண்டுபிடிக்கிறான். கடைசியில் பெட்டி களவு போகிறது.

இந்தக் கதையின் எலும்பு மொலியேருடையது அல்ல. ரோம நாடகாசிரியர் புளோட்டசின் பானைக் கதையில் இருந்து எடுத்தது. சதை மட்டும் பாரிசின் சதை.

இந்த நாடகத்தில் எனக்கு மிகப் பிடித்த ஆள் ஆர்பகோன் இல்லை, மேத்ர் ஜாக். ஆர்பகோன் சம்பளம் மிச்சம் பிடிப்பதற்காகச் சமையற்காரனையும் குதிரை வண்டிக்காரனையும் ஒரே ஆளாக வைத்திருக்கிறான். முதலாளி கூப்பிட்டால் மேத்ர் ஜாக் கேட்கும் முதல் கேள்வி, எந்த ஆளோடு பேசவேண்டும் என்பதுதான். சமையற்காரனோடு என்றால் வண்டிக்காரச் சட்டையைக் கழற்றிவிட்டு உள்ளே போட்டிருக்கும் சமையற்கார உடுப்போடு நிற்கிறான். வண்டியைப் பற்றிப் பேச்சு வந்தால் திரும்பவும் சட்டையை மாட்டுகிறான். இன்றும் பிரெஞ்சில் எல்லா வேலையும் செய்கிற ஆளை மேத்ர் ஜாக் என்பார்கள். நான் கோப்பை கழுவுகிறவனாகச் சேர்ந்த முதல் இடத்தில், பதினொரு மணி வரைக்கும் மரக்கறி வெட்டுவேன், மூன்று மணி வரைக்கும் கோப்பை கழுவுவேன், அதன் பிறகு நிலக்கீழ் அறையில் சாமான் அடுக்குவேன். சம்பளம் ஒரு ஆளுக்குத்தான். மாற்றுவதற்கு உடுப்பும் தரவில்லை, ஒரே ஏப்ரன்.

விருந்துக்குப் பத்துப் பேர் வருகிறார்கள், எட்டுப் பேருக்குச் சமை, போதும் என்கிறான் ஆர்பகோன். கொழுப்பான, கனமான சாப்பாடாக வை, இரண்டு வாயோடு வயிறு அடைத்துவிடும் என்கிறான். வைனைக் கேட்டவுடன் ஊற்றாதே, பல தடவை கேட்கட்டும், தண்ணீரைத் தாராளமாக வை என்கிறான். 350 வருடங்களுக்கு முதல் எழுதிய இந்தப் பட்டியலை எங்கள் குசினிச் சுவரில் ஒட்டிவிட்டால் புது முதலாளி எழுதியது என்றுதான் நினைப்பார்கள்.

இன்னொரு காட்சி. வேலைக்காரன் ஒருவன் வீட்டை விட்டு வெளியே போகும்போது ஆர்பகோன் அவனை மறித்துச் சோதிக்கிறான். கையைக் காட்டு என்கிறான். இரண்டு கையையும் காட்டுகிறான். பிறகு, மற்றக் கைகளையும் காட்டு என்கிறான்! வகுப்பில் எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டுப் பாதியில் நிறுத்தினேன். நான் சொன்ன அந்த முதல் இடத்தில் இரவு வேலை முடிந்து போகும்போது பின்கதவடியில் முதலாளி நிற்பார். பையைத் திறந்து காட்டவேண்டும், பொக்கற்றை வெளியே இழுத்துக் காட்டவேண்டும். ஒரு வார்த்தை பேசமாட்டார், விரலால் மட்டும் காட்டுவார். நானும் ஒரு வார்த்தை பேசமாட்டேன், பேச எனக்கு மொழி இல்லை. இரண்டு பேரும் ஊமைப்படம் நடித்தோம். கடைசி மாதச் சம்பளம் தராமல் விட்டபோதும் அப்படித்தான், நான் கையை நீட்டினேன், அவர் தோளைக் குலுக்கினார்.

சரி, விசயத்துக்கு வருவோம். மொலியேர் சொல்லின் ஆள் என்று எல்லோரும் சொல்வார்கள். பிரெஞ்சு மொழியையே மொலியேரின் மொழி என்றுதான் குறிப்பிடுவார்கள். அவரை ஊமைப்படமாக எடுப்பது, பாட்டில்லாமல் தியாகராஜ பாகவதரை எடுப்பது போலத்தானே என்று நினைக்கத் தோன்றும். ஆனால் அப்படி இல்லை. மொலியேர் பாரிசுக்குத் திரும்பிவந்த 1658இல் அவருடைய குழுவுக்குத் தனி மண்டபம் கிடைக்கவில்லை. ஸ்கரமூஷ் என்று பெயர்பெற்ற இத்தாலிய நடிகர் ஃபியோரில்லியின் குழுவோடு ஒரே மண்டபத்தை நாள் பிரித்துப் பயன்படுத்தினார். அந்த இத்தாலியர்கள் முகமூடி போட்டு, உடம்பால் நடிப்பவர்கள். பாரிஸ் சனத்துக்கு இத்தாலி மொழி தெரியாது, ஆனாலும் கூட்டம் அலைமோதியது. மொலியேர் அவர்களைப் பக்கத்தில் இருந்து பார்த்துக் கற்றுக்கொண்டார்.

'லவார்' நாடகத்திலேயே பாருங்கள். ஒரு வேலைக்காரனின் சட்டை முன்பக்கம் எண்ணெய்க் கறை, இன்னொருவனின் காற்சட்டையில் பின்பக்கம் ஓட்டை. புது உடுப்பு வாங்கித் தரமாட்டான் ஆர்பகோன். கறைக்காரனைத் தொப்பியால் மறைத்துக்கொண்டு நில் என்கிறான், ஓட்டைக்காரனை எப்போதும் சுவர்ப்பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு நில் என்கிறான். இதற்கு வசனம் எதற்கு? பெட்டி தொலைந்த காட்சியில் கள்ளனைப் பிடித்துவிட்டேன் என்று தன் கையைத் தானே பிடிக்கிறான், பிறகு சபையைப் பார்த்து உங்களுக்குள் யார் கள்ளன் என்கிறான். எரிகிற இரண்டு மெழுகுதிரியில் ஒன்றை ஊதி அணைப்பதும், மேத்ர் ஜாக் திரும்பக் கொளுத்துவதும் தலைமுறை தலைமுறையாக மேடையில் நடிகர்கள் செய்துவரும் விளையாட்டு. (மொலியேர் 23 வயதில் கடனுக்காகச் சிறை போனவர். அவரைப் பிடித்து உள்ளே போட்டவர்களில் ஒருவர் மெழுகுதிரி வியாபாரி. நாடகக் கொட்டகைக்கு வாங்கிய மெழுகுதிரிக்குக் காசு கட்டவில்லை.)

இனி நான் சொல்லப்போவது பாரிசில் இருக்கும் எங்கள் ஆட்களுக்கு ஆச்சரியமாக இருக்கும். லாசப்பலில் மரக்கறிக் கடை, நகைக்கடை எல்லாம் இருக்கிற அந்த போபூர் சென் தெனி வீதியில் அப்படியே கீழே இறங்கி, கார் து நோர் தாண்டி நடந்தால் கார் து லெஸ்ற் புகையிரத நிலையம் வரும். பதினைந்து நிமிட நடை. 18ஆம் நூற்றாண்டில் அந்த இடத்தில் ஒவ்வொரு கோடைக்கும் சென் லோரன் சந்தை கூடும். துணிக்கடை, பலகாரக் கடைகளோடு நாடகக் கொட்டகைகளும் இருந்தன. மொலியேர் இறந்து ஏழு வருடத்தின் பின், 1680இல், அரசர் 14ஆம் லூயி பாரிஸ் நாடகக் குழுக்களை ஒன்றாக்கிக் கொமெடி பிரான்சேஸ் என்ற அரச நாடக மன்றத்தை உண்டாக்கினார். மொலியேரின் வீடு என்று இன்றைக்கும் அதைத்தான் சொல்கிறார்கள். பாரிசில் பிரெஞ்சு மொழியில் நாடகம் போடும் உரிமை அந்த மன்றத்துக்கு மட்டுமே. 1697இல் இத்தாலியக் குழுவையும் அரசர் துரத்திவிட்டார். அந்த வெற்றிடத்தைச் சந்தைக் கொட்டகைக்காரர்கள் நிரப்பினார்கள், சனமும் அங்கே போகத் தொடங்கியது.

மொலியேரின் வாரிசுகளுக்கு வயிறு எரிந்தது. வழக்குப் போட்டார்கள். மேடையில் இரண்டு பேர் ஒருவரோடொருவர் உரையாடக் கூடாது என்று தடை வாங்கினார்கள். சந்தைக்காரர்கள் ஒருவரை மட்டும் பேசவைத்தார்கள், மற்றவர் சைகையால் பதில் சொன்னார். அதற்கும் தடை வந்தது. பாடலாம் என்றால் பாட்டு உரிமை ஓபரா மன்றத்திடம் இருந்தது. 1710ஐ ஒட்டிய வருடங்களில் அவர்கள் கண்டுபிடித்த வழி இருக்கிறதே, அதைப் படித்தபோது எழும்பி நின்று கைதட்டலாம் போல இருந்தது. வசனத்தை மட்டையில் எழுதி நடிகர்கள் பொக்கற்றில் சுருட்டி வைத்திருந்தார்கள். தங்கள் முறை வரும்போது எடுத்து விரித்துக் காட்டினார்கள். பிறகு சின்னப் பிள்ளைகளுக்குத் தேவதை வேசம் போட்டு, மேலே இருந்து அந்த எழுத்துப் பலகையை இறக்கவைத்தார்கள். வசனங்கள் எல்லோருக்கும் தெரிந்த மெட்டுகளில் எழுதப்பட்டிருந்தன. வாத்தியம் மெட்டை எடுத்துக்கொடுக்க, சபையில் இருந்த சனமே அதைப் பாடியது. மேடையில் நடிகன் வாய் திறக்கவில்லை, சட்டத்துக்கு அவனில் பிடிக்க ஒன்றும் இல்லை!

ஊமைப்படத்தில் இடையிடையே எழுத்து வருமே, அதற்கு இருநூறு வருடங்களுக்கு முன்பே, எங்கள் ஆட்கள் முருங்கைக்காய் விற்கிற அதே வீதியின் கீழ்க்கோடியில் அது நடந்திருக்கிறது. நான் அந்த வீதியால் எத்தனை நூறு தடவை போயிருப்பேன். ஒரு வார்த்தை பிரெஞ்சு தெரியாமல், ஒரு துண்டில் எழுதிய முகவரியை விரித்துப் போகிற வாறவர்களுக்குக் காட்டிக்கொண்டு...

இப்போது 1908. அந்த வருடம் பிரெஞ்சு சினிமாவுக்கு ஒரு திருப்பம். அதுவரை படங்கள் பெரும்பாலும் சந்தைகளிலும் களியாட்டங்களிலும் கூடாரம் போட்டுக் காட்டப்பட்டவை. படித்த, காசுள்ள சனத்தையும் உள்ளே இழுக்கவேண்டும் என்று தயாரிப்பாளர்கள் நினைத்தார்கள். 'ஃபிலிம் தார்' என்றொரு கம்பனி தொடங்கப்பட்டு, 1908 நவம்பர் 17இல் கீஸ் பிரபுவின் கொலை பற்றிய படத்தைத் திரையிட்டது. நடித்தவர்களில் கொமெடி பிரான்சேஸ் நடிகர் லு பார்ஜி முக்கியமானவர், இசை சென் சான்ஸ். இதை வாசித்தபோது எனக்கு ஒரு குரூரச் சந்தோசம் வந்ததை மறைக்கவில்லை. சந்தைக் கூத்தாடிகளின் வாயைக் கட்டிய மன்றத்தின் ஆட்களே, சந்தைக் கூடாரத்தில் வளர்ந்த ஒரு கலைக்காக வாயைக் கட்டிக்கொண்டு நடிக்க வந்தார்கள். இதற்கு எட்டு வருடம் முன்பே, 1900ஆம் ஆண்டின் பாரிஸ் உலகக் கண்காட்சியில், அந்த மன்றத்தில் பெயரெடுத்த கொக்லான் என்ற பெரிய நடிகர் மொலியேரின் நாடகம் ஒன்றின் காட்சியைக் கமராவுக்கு முன் நடித்துக் கொடுத்தார். குரலை மெழுகு உருளையில் தனியாகப் பதிந்து படத்தோடு சேர்த்து ஓடவிட்டார்கள். அவருக்கு வாயை முழுதாக விட மனம் வரவில்லைப் போல.

அதே 1908இல்தான் ஜோர்ஜ் மெலியெஸ் தன்னுடைய 'லவார்' குறும்படத்தை எடுத்தார். இந்தப் பெயரை நீங்கள் கேள்விப்பட்டிருக்காவிட்டாலும் நிலாவின் கண்ணில் ரொக்கெற் குத்தி நிற்கிற படம் ஒன்றைப் பார்த்திருப்பீர்கள். 1902இல் அதை எடுத்தவர் இவர்தான். 1861இல் பாரிசில் பிறந்தவர், சப்பாத்துத் தொழிற்சாலை முதலாளியின் மகன். தகப்பனின் தொழிலில் தன் பங்கை விற்று 1888இல் ரொபேர் ஊதான் என்ற மாயவித்தைக் கொட்டகையை வாங்கினார். 1895 டிசம்பர் 28இல் லூமியேர் சகோதரர்களின் முதல் காட்சியைப் பார்த்தவர்களில் ஒருவர். 1897இல் பாரிசுக்குப் பக்கத்தில் மொந்திரேயில் கண்ணாடியால் ஒரு கலையகம் கட்டினார். அதன் அளவைத் தன் கொட்டகையின் மேடை அளவுக்கே வைத்தார். கமரா அசையாது. கொட்டகையில் நல்ல இடத்தில் ரிக்கற் எடுத்து இருப்பவரின் கண் எங்கே இருக்குமோ அங்கே அது நிற்கும்.

அதனால் மெலியெஸ் மொலியேரைத் தொட்டது ஃபிலிம் தார்காரர்கள் கலையைத் தொட்டது போன்ற விசயம் அல்ல. அவர் படித்த சனத்தின் மரியாதையைத் தேடிப் போனவர் இல்லை. அவர் சந்தைக் கொட்டகைகளின் பிள்ளை. ஐந்து அங்க நாடகத்தை ஒரு சின்னச் சுருளுக்குள் அடக்கினால் காதல் சிக்கல், கடன் பத்திரம், சீதன வாதம் எல்லாம் தேயும். மிஞ்சுவது ஒரு கிழவன், ஒரு பெட்டி, ஒரு களவு. அதாவது என் அறையில் சத்தமில்லாத தொலைக்காட்சியில் எனக்கு எது மிஞ்சியதோ அதுவே. ஃபிலிம் தார் படத்தைப் பாடப்புத்தகங்கள் கொண்டாடுகின்றன. என்னைக் கேட்டால், பிரபுக்கள் வாயசைத்து நிற்கும் அந்தப் படத்தைவிடச் சிரிப்புப் படக்காரர்கள்தான் மேடையைச் சரியாகப் புரிந்துகொண்டவர்கள் என்பேன்.

ஆனால் மெலியெசின் காலம் முடிந்துகொண்டிருந்தது. அவர் பிரதிகளை விற்றுப் பிழைத்தவர். 1907இலேயே பத்தே கம்பனி, இனி விற்பதில்லை, வாடகைக்கு மட்டும் என்று அறிவித்துவிட்டது. கைத்தொழில்காரனுக்கும் தொழிற்சாலைக்கும் நடந்த போட்டி. முடிவை உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. பிறகு பத்தேயிடமே கடன் வாங்கிப் படம் எடுத்தார், 1912க்குப் பிறகு அதுவும் முடிந்தது. முதலாம் உலகப்போரின்போது பிரெஞ்சு இராணுவம் அவருடைய நூற்றுக்கணக்கான படச்சுருள்களை எடுத்து உருக்கியது. வெள்ளியைப் பிரித்தபின் மிஞ்சிய செலுலோயிட்டில் சப்பாத்துக் குதி செய்தார்கள். சப்பாத்துக் கடையை விட்டு ஓடிவந்தவரின் வாழ்நாள் உழைப்பு சப்பாத்துக் குதியாகப் போனது. 1923இல் மொந்திரேயை விட்டுக் கிளம்பவேண்டி வந்தபோது, எங்கே கொண்டுபோய் வைப்பது என்று தெரியாமல் மிச்சமிருந்த மூலச்சுருள்களைத் தன் கையாலேயே கொளுத்தினார். எடுத்த 520 படங்கள் அளவில் இன்று இருப்பவை 200க்குச் சற்று மேல். அதுவும் வேறு நாடுகளில், வேறு ஆட்களின் பரணில் கிடந்து வந்தவை.

யாழ்ப்பாணத்தில் வீட்டை விட்டு ஓடும்போது எதைக் கொண்டுபோவது, எதை எரிப்பது என்று முடிவெடுத்தவர்களுக்கு இந்த இடம் வேறு மாதிரிக் கேட்கும். 1995 இடப்பெயர்வில் எங்கள் வீட்டு அல்பங்களை அம்மா கிணற்றடியில் வைத்துக் கொளுத்தினார். எனக்கு அப்போது 13 வயது.

மெலியெஸ் கடைசிக் காலத்தில் மொன்பர்னாஸ் புகையிரத நிலையத்தில் மனைவியோடு விளையாட்டுச் சாமானும் இனிப்பும் விற்றார். மனைவி ஜான் தால்சி அவருடைய பழைய படங்களின் நடிகை. கிழமைக்கு ஏழு நாளும் கடை, குளிரில். 1920களின் பிற்பகுதியில் பத்திரிகைக்காரர்கள் அவரைக் கண்டுபிடித்து, 1929 டிசம்பரில் பிளேயல் மண்டபத்தில் விழா எடுத்து, 1931இல் அரச விருதும் கொடுத்தார்கள். 1938 ஜனவரி 21இல் இறந்தார்.

எனக்குத் திங்கட்கிழமை லீவு. போன மாசி மாதம் லாசப்பலில் இரண்டாம் இலக்க மெத்ரோ ஏறி ஏழாவது தரிப்பில் பேர் லாஷேசில் இறங்கினேன். மொலியேரும் மெலியெசும் அந்த ஒரே மயானத்தில்தான் இருக்கிறார்கள். மொலியேர் 1673 பெப்ரவரி 17இல், 'கற்பனை நோயாளி' நாடகத்தின் நான்காவது காட்சியில் நோயாளியாக நடித்துக்கொண்டிருக்கையில் உண்மையாகவே சுகமில்லாமல் போய், அன்றிரவே இறந்தார். நடிகன் என்பதால் தேவாலயம் நல்லடக்கத்துக்கு மறுத்தது. மனைவி அரசரிடம் போய் அழுதபின், இரவில், ஆரவாரமில்லாமல் புதைக்க விட்டார்கள். அவருடையவை என்று சொல்லப்படும் எலும்புகள் 1817இல்தான் இங்கே கொண்டுவரப்பட்டன. அவைதானா என்று ஆய்வாளர்கள் சந்தேகப்படுகிறார்கள். இரும்பு வேலிக்குள் லா ஃபொன்தேனுக்குப் பக்கத்தில் பெரிய கல்லில் படுத்திருக்கிறார். பள்ளிக்கூடப் பிள்ளைகள் சுற்றிநின்று ஆசிரியை சொல்வதை எழுதிக்கொண்டிருந்தார்கள்.

மெலியெசைத் தேடி மேலே ஏறினேன். ஒரு வயதான பிரெஞ்சு மனிதர் வரைபடத்தோடு தடுமாறி நின்றார். என்னைக் கண்டு வாயைத் திறந்தவர், என்ன நினைத்தாரோ, ஒன்றும் பேசாமல் வரைபடத்தில் ஒரு இடத்தை விரலால் தொட்டுக் காட்டினார். மெலியெஸ். நானும் ஒன்றும் பேசாமல் பாதையைக் கையால் காட்டினேன். இரண்டு பேரும் சேர்ந்து நடந்தோம். வெண்கலத் தலை ஒன்று, காலடியில் யாரோ வைத்த ஒரு சின்ன நிலா, கடதாசியில் செய்தது. மழைக்கு நனைந்து ஒரு பக்கம் மடிந்திருந்தது. அவர் குனிந்து அதை நிமிர்த்தி வைத்துவிட்டு, பிரெஞ்சில், அவருடைய 'லவார்' பற்றித் தெரியுமா என்று கேட்டார்.

தெரியும் என்றேன். பிறகு ஒரு மணித்தியாலம் பேசிக்கொண்டிருந்தோம்.